கழித்து எழுதியவர்

1948-ஆம் வருஷம், டென்மார்க்கின் நாட்டுப்புறச் சாலைகளில் மோட்டார் விபத்துக்களைக் குறைக்கும் பொருட்டு ஜனங்களை எச்சரிக்கத்தக்க ஒரு சிறு படம் வேண்டும் என்று அந்த நாட்டு அரசாங்கத்தின் திரைப்படக் குழு விரும்பியபோது, அதை எழுதித் தரவும் இயக்கவும் ஒப்புக்கொண்ட மனிதருக்கு வயது ஐம்பத்தொன்பது; இருபது வருஷங்களுக்கு முன்பு பிரான்ஸில் அவர் எடுத்த ஜோன் ஆஃப் ஆர்க் படத்தை ஐரோப்பாவின் விமரிசகர்கள் அப்போதும் வியந்து எழுதிக்கொண்டிருந்தார்கள். அத்தகைய கீர்த்தி உடைய ஒருவர் போக்குவரத்து எச்சரிக்கைப் படம் எழுத உட்கார்ந்தார் என்பதைக் கேட்டுப் பரிதாபப்படுகிறவர்கள் உண்டு. எனக்கு அந்தப் பரிதாபம் தோன்றவில்லை. கார்ல் தியோடர் டிரையர் எழுத்தை எவ்விதம் கையாண்டார் என்று அறிய விரும்புகிறவன், அவருடைய பிரசித்தமான நான்கைந்து படங்களைத் தொடுவதற்கு முன்னால், பத்துப் பன்னிரண்டு நிமிஷமே ஓடும் இந்தச் சிறு படத்தில் ஆரம்பிப்பதுதான் கிரமம் என்பது என் அபிப்பிராயம்.

'படகைப் பிடித்துவிட்டார்கள்' என்பது அதன் பெயர். கதை, 1944-இல் நோபல் பரிசு பெற்ற யொஹானஸ் வி. யென்சன் முன்பு எழுதியது. ஒரு வாலிபனும் அவன் பின்னால் அமர்ந்த பெண்ணும் மோட்டார் சைக்கிளோடு ஃபியூன் தீவின் மேற்குக் கரையில் ஆஸன்ஸ் என்ற துறையில் வந்து இறங்குகிறார்கள். கிழக்குக் கரையில் நியூபோர் துறையிலிருந்து புறப்படும் மறு படகை அவர்கள் பிடித்தாக வேண்டும். எழுபது கிலோமீட்டர் தூரம், முக்கால் மணி அவகாசம். முடியாது என்று படகு ஊழியர் சொல்கிறார். முடிந்தாக வேண்டும் என்று வாலிபன் கிளம்புகிறான். அதன் பிறகு சாலை, மரங்கள், சக்கரம், வேகமானியின் முள் இவைதாம். இடையில் பெட்ரோலுக்காக ஒரு நிறுத்தம், வழி தவறிய ஒரு திருப்பம். கடைசியில் ஒரு பழைய மோட்டார் வண்டி முன்னே போய்க்கொண்டு, இவர்கள் இடப்பக்கம் வந்தால் தானும் இடம் சாய்ந்து, வலப்பக்கம் வந்தால் தானும் வலம் சாய்ந்து வழியை மறைக்கிறது. அதை ஓட்டுகிறவனுடைய முகம் மண்டையோட்டுக்குச் சமீபமான முகம். மோட்டார் சைக்கிள் மரத்தில் மோதுகிறது. படத்தின் முடிவில் ஒருவன் துடுப்புப் போடும் தோணியில் இரண்டு சவப்பெட்டிகள் நீரைக் கடக்கின்றன. படகை அவர்கள் பிடித்துத்தான்விட்டார்கள்.

இதில் பேசப்படும் வார்த்தைகள் மிகச் சொற்பம். மெதுவாகப் போங்கள் என்ற உபதேசத்தை யாரும் யாருக்கும் செய்வதில்லை. தூரத்தையும் நேரத்தையும் சொல்லிவிட்டு எழுத்தாளர் விலகிக்கொள்கிறார், மற்றதை அந்த இரண்டு எண்களே செய்துவிடுகின்றன. அரசாங்கம் பணம் கொடுத்துக் கேட்கும் படங்களில் இந்த அடக்கம் எவ்வளவு அபூர்வம் என்பது, அத்தகைய படங்களை உட்கார்ந்து பார்க்க நேர்ந்த எவருக்கும் தெரியும்.

டிரையரை உலகம் இயக்குநர் என்றே அறியும், அது நியாயமும்கூட. ஆயினும் தொழில் என்று பார்த்தால் அவர் முதலில் எழுத்தாளர். படம் இயக்கத் தொடங்குவதற்கு முன் ஆறேழு வருஷங்கள் மற்றவர்கள் இயக்குவதற்காக எழுதியவர். முதிய வயதில் இயக்க வாய்ப்பு இல்லாத காலங்களிலும் எழுதிக்கொண்டே இருந்தவர். இறந்தபோது படமாகாத கையெழுத்துப் பிரதிகளை மேஜைமேல் விட்டுப்போனவர். டேனிஷ் சினிமாவின் அந்தக் காலத்தில் வேறு நல்ல எழுத்தாளர்கள் இல்லாமலில்லை. ஜெர்மன் ஆக்கிரமிப்பை எதிர்த்த ரகசிய இயக்கத்தைப் பற்றிய 'சிவந்த புல்வெளிகள்' என்ற படத்துக்குத் திரைக்கதை எழுதிய லெக் ஃபிஷர், நாவலாசிரியரும் நாடகாசிரியருமாவார். 1946-இல் கான் விழாவில் அந்தப் படம் மகா பரிசு பெற்ற படங்களுள் ஒன்றாயிற்று. ஃபிஷர் முழுமையாக எழுதினார்: காரணம், காரியம், மனப் போராட்டம் எல்லாம் வார்த்தையில் வந்துவிடும்படி எழுதினார். டிரையர் போனது இதற்கு நேர் எதிரான திசை. ஆகையால் அவருடைய இயக்கத்தை இங்கே ஒதுக்கிவைத்துவிட்டு, எழுதுகோல் பிடித்த கையை மட்டும் சற்று நேரம் கவனிக்க விரும்புகிறேன்.

அவர் பிறந்தது 1889-ஆம் வருஷம் பிப்ரவரி 3-ஆம் தேதி, கோபன்ஹேகனில், விவாகமாகாத ஒரு ஸ்வீடிஷ் பணிப்பெண்ணின் குழந்தையாக. டிரையர் என்ற அச்சுக்கோப்பவர் அவரை ஸ்வீகாரம் எடுத்துத் தம் பெயரையே முழுமையாகக் கொடுத்தார். பெற்ற தாய் சில வருஷங்களில், மீண்டும் கருவுற்ற நிலையில், கருவைக் கலைப்பதற்காகத் தீக்குச்சியின் பாஸ்பரஸை விழுங்கி மாண்டாள். பிற்காலத்தில் அவர் எழுதியவற்றில் எல்லாம் ஆண்கள் கூடி ஒரு பெண்ணை வருத்துவதே திரும்பத் திரும்ப வருவதைக் கண்டவர்கள், இந்த ஒரு மரணத்தைக்கொண்டே அவருடைய படைப்புகள் அனைத்துக்கும் வியாக்கியானம் செய்துவிடுவது வழக்கமாகிவிட்டது. சம்பந்தம் இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் அத்தகைய துக்கத்தோடு பிறந்தவர்கள் அநேகர், அவர்களுள் எழுதத் தெரிந்துகொண்டவர்கள் சிலரே. எழுதத் தெரிந்துகொண்ட விதம் என்ன என்பதே நமக்குப் பிரயோஜனமான கேள்வி.

இளமையில் அவர் தந்திக் கம்பெனி ஒன்றின் அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருந்தார். அதைவிட்டுப் பத்திரிகையில் சேர்ந்து, அப்போது புதுமையாயிருந்த ஆகாய விமானங்களைப் பற்றியும் நகரத்துப் பிரமுகர்களைப் பற்றியும் எழுதினார். 1912-இல் அவருடைய முதல் திரைக்கதை படமாயிற்று. அடுத்த வருஷங்களில் ஓலே ஓல்ஸன் 1906-இல் ஸ்தாபித்த நோர்டிஸ்க் கம்பெனியில் அவருக்கு நிரந்தரமான வேலை கிடைத்தது. அந்தக் காலத்தில் நோர்டிஸ்கின் வெள்ளைக் கரடி முத்திரையை ஐரோப்பாவில் அறியாதவர் இல்லை. வருகிற கதைகளை வாசித்துப் பொறுக்குவது, நாவல்களை வாங்கும்படி யோசனை கூறுவது, படத்தொகுப்பில் உதவுவது, மௌனப் படங்களில் இடையிடையே தோன்றும் எழுத்து அட்டைகளுக்கு வாசகம் தீட்டுவது ஆகியவை அவருடைய அலுவல்கள். ஸோலாவின் 'பணம்' போன்ற நாவல்களைப் படத்துக்கேற்றவாறு சுருக்கித் தந்ததும் அங்கேதான். 1910-களில் அவர் பெயரால் இருபதுக்கும் மேற்பட்ட திரைக்கதைகள் படமாயின. அவற்றுள் பெரும்பாலானவை இன்று சரித்திர ஆசிரியர்களுக்கு மட்டுமே உரியவை.

ஒன்றை மட்டும் சொல்லாமல் போவது தகாது. பெர்ட்டா ஃபன் ஸுட்னர் என்ற ஆஸ்திரியச் சீமாட்டி யுத்தத்துக்கு எதிராக எழுதிய 'ஆயுதங்களைக் கீழே போடுங்கள்' என்ற நாவலை 1914-இல் டிரையர் திரைக்கதையாக்கினார். அந்த வருஷம் வியன்னாவில் நடக்கவிருந்த சமாதான மகாநாட்டில் படத்தைக் காட்டுவது என்று ஏற்பாடு. ஜூன் 21-ஆம் தேதி அந்த அம்மையார் காலமானார். ஒரு வாரம் கழித்து ஸரயேவோவில் துப்பாக்கி வெடித்தது, உலக யுத்தம் மூண்டது, மகாநாடு நடக்கவேயில்லை.

எழுத்து அட்டைக்கு வாசகம் எழுதுவது அற்பமான உத்தியோகமாகத் தோன்றலாம். ஆனால் ஒரு எழுத்தாளனுக்கு அதைவிடக் கடுமையான பள்ளிக்கூடம் இருந்திருக்க முடியாது என்றே நினைக்கிறேன். மௌனப் படத்தில் ஒரு வாக்கியம் திரையில் தோன்ற வேண்டுமானால், அதுவரை நாம் பார்த்துக்கொண்டிருந்த முகம் மறைந்தாக வேண்டும். வாசகர் படித்து முடிக்கும்வரை கதை நின்றாக வேண்டும். ஒவ்வொரு வார்த்தைக்கும் விலையாக ஒரு முகத்தை இழக்கிறோம் என்பது அங்கே உவமையல்ல, கண்கூடான கணக்கு. இந்தக் கணக்கைப் பல வருஷங்கள் போட்டுப் பழகியவர், பின்பு பேசும் படம் வந்து வார்த்தைக்கு விலையே இல்லாமற் போன காலத்திலும், பழைய விலையிலேயே வார்த்தையை வாங்கினார் என்பதுதான் டிரையரின் எழுத்தைப் பற்றி நான் சொல்ல விரும்பும் விஷயம். பேசும் படக்காலத்தில் அவர் எழுதிய சம்பாஷணைகளை ஊன்றிக் கேட்டால், ஒவ்வொரு வாக்கியமும் ஒரு முகத்தை மறைத்துக்கொண்டு எழும் அட்டையைப்போலத் தனித்து நிற்கும்; அதற்கு முன்னும் பின்னும் மௌனம் இருக்கும்.

1925-இல் ஸ்வென்ட் ரின்டம் என்பவருடைய நாடகம் ஒன்றை அவரோடு கூடி எழுதி 'வீட்டின் எஜமான்' என்ற படமாக்கினார். மனைவியை வாட்டும் ஒரு கணவனை, அவனைக் குழந்தையிலிருந்து வளர்த்த கிழத்தாதி அடக்கி வழிக்குக் கொண்டுவரும் கதை, கோபன்ஹேகன் மத்தியதர வர்க்கத்தாரின் சிறு வீட்டுக்குள்ளேயே பெரும்பாலும் நடப்பது, ஹாஸ்யமும் உண்டு. அந்தப் படத்துக்குப் பிரான்ஸில் கிடைத்த வரவேற்பே ஜோன் ஆஃப் ஆர்க்கைப் படமெடுக்கும் அழைப்பை அவருக்குக் கொண்டுவந்தது.

பாரிஸ் கம்பெனி ஜோஸெஃப் டெல்டே என்ற எழுத்தாளரிடம் கதை வாங்கி வைத்திருந்தது. டிரையர் அதை மரியாதையாக ஒதுக்கிவிட்டு, பியேர் ஷாம்பியோன் 1921-இல் பதிப்பித்த விசாரணைக் குறிப்பேடுகளை எடுத்துக்கொண்டார். 1431-இல் ரூவான் நகரத்தில் பல வாரங்கள் நீடித்து, இருபத்தொன்பது விசாரணைகளாக நடந்த வழக்கை, ஒரே நாளில் நடந்து முடிவதாகச் சுருக்கினார். ஜோனின் பால்யம் இல்லை, யுத்தம் இல்லை, குதிரை இல்லை, முடிசூட்டு விழா இல்லை. கேள்வியும் பதிலும் மட்டுமே. ஐந்நூறு வருஷங்களுக்கு முன் ஒரு நீதிமன்ற எழுத்தர் குறித்துவைத்த வார்த்தைகளிலிருந்து, கேள்வி கேட்டவனைத் தடுமாற வைத்த பதில்களை மட்டும் பொறுக்கி அட்டைகளாக்கினார். அந்தப் படத்தின் நெருக்கமான முகங்களைப் பற்றி எல்லோரும் எழுதியிருக்கிறார்கள். ஆனால் இருபத்தொன்பது அமர்வுகளிலிருந்து எதை விடுவது என்று தீர்மானித்த எழுத்துக் காரியம் முன்னால் நடந்திராவிட்டால் அந்த முகங்களுக்கு அங்கே நிற்க இடம் இருந்திராது.

மூலச் சுருள் 1928 டிசம்பரில் பெர்லினில் தீக்கிரையாயிற்று. முதலில் வெளியான வடிவத்தின் ஒரு பிரதி 1981-இல், ஆஸ்லோவில் ஒரு மனநோய் மருத்துவமனையின் அலமாரியிலிருந்து கிடைத்தது. அதைக் காண டிரையர் உயிரோடில்லை.

1932-இல் வெளியான 'வாம்பயர்' நஷ்டமாயிற்று. அதன் பிறகு பதினோரு வருஷங்களுக்கு அவருடைய கதைப் படம் எதுவும் வெளிவரவில்லை. பத்திரிகைக்குத் திரும்பி நீதிமன்றச் செய்தியாளராக உட்கார்ந்தார்; திருட்டு, அடிதடி, குடும்ப வழக்கு எல்லாவற்றையும் கேட்டு நிறைய எழுதினார். வீணான காலம் என்று இதை வருணிக்கும் வாழ்க்கைச் சரித்திரக்காரர்களோடு எனக்கு உடன்பாடில்லை. ஒரு மனிதன் வாக்குமூலம் கொடுக்கும்போது அவன் முகத்துக்கும், அதே வாக்குமூலம் குறிப்பேட்டில் ஏறும்போது அதன் மொழிக்கும் உள்ள தூரத்தை அவர் தினந்தோறும் அளந்துகொண்டிருந்த காலம் அது. 1943-இல் வந்த 'கோபத்தின் நாள்' அதன் பலன்.

நோர்வேயில் பெர்கன் நகரத்தில் 1590-இல் சூனியக்காரி என்று எரிக்கப்பட்ட ஆன் பெடர்ஸ்டாட்டர் என்ற பெண்ணைப்பற்றி வியர்ஸ்-யென்ஸன் எழுதிய நாடகம் அதற்கு ஆதாரம். டிரையரும் இரண்டு கூட்டாளிகளும் கதையை 1623-ஆம் வருஷத்து டென்மார்க்குக்கு மாற்றினார்கள். மூத்த பாதிரியார் ஒருவர், அவருடைய இளம் மனைவி, அவளைவிட வயதில் குறையாத அவருடைய மகன், எல்லோரையும் கண்காணிக்கும் மாமியார். இவர்களுக்கு நடுவே மார்ட்டா என்ற கிழவி எரிக்கப்படுகிறாள். இந்தத் திரைக்கதையில் என்னை மிகவும் கலங்கவைப்பது கிழவியின் கதறல் அல்ல; எரித்து முடிந்ததும் ஏட்டில் ஏறும் குறிப்புத்தான். வெயில் அழகாக இருந்த ஒரு நாளில் தேவனுடைய மகிமைக்காக அந்தக் காரியம் நிறைவேறியது என்ற பாவனையில், எழுத்தர் அமைதியாக எழுதிவைக்கிறார். எழுத்து என்பது எத்தனை பொய்யைப் பதற்றமில்லாமல் சுமக்கும் என்பதைக் காட்டுவதற்கு, நீதிமன்றத்தில் வருஷக்கணக்காகக் குறிப்பெடுத்த ஒருவர்தான் வேண்டும்போலும்.

படம் வெளியானது 1943 நவம்பரில். அதற்கு முந்தைய மாதம்தான் ஏழாயிரத்துக்கும் மேற்பட்ட யூதர்கள் மீன்பிடிப் படகுகளில் ஒளிந்து ஸ்வீடனுக்குத் தப்பியிருந்தார்கள். டென்மார்க் ஜெர்மானியரின் பிடியில் இருந்தது. வேட்டையாடப்படும் கிழவியைப் பார்த்த ஜனங்கள் தங்கள் காலத்தையே கண்டார்கள். அப்படி உத்தேசிக்கவில்லை என்றே டிரையர் கூறிவந்தார். உத்தேசம் எதுவாயினும் அவரும் ஸ்வீடன் போய்ச் சேர்ந்தார். அங்கே இரண்டே பாத்திரங்களைக்கொண்டு எடுத்த ஒரு படம் அவருடைய இஷ்டத்துக்கு மாறாக முடிந்து, அதைத் தம்முடையதென்று ஒப்புக்கொள்ளவே பிற்காலத்தில் மறுத்தார். யுத்தம் முடிந்து திரும்பியதும், கிராமத்துக் கிணறு, கிராமத்துத் தேவாலயம், புற்றுநோய் எதிர்ப்பு, சிற்பி தோர்வால்ஸன், ஸ்டோர்ஸ்ட்ரோம் பாலம் என்று அரசாங்கச் சிறு படங்கள். பாலத்தைப் பற்றிய படம் ஏறக்குறைய வார்த்தையே இல்லாதது. மற்றவற்றைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை.

ஆனால் இந்தச் சில்லறை வேலைகளுக்கு அடியில் அவர் மனம் வேறொன்றில் ஆழ்ந்திருந்தது. 1940 ஏப்ரலில் ஜெர்மன் ராணுவம் கோபன்ஹேகனுக்குள் நுழைந்தபோது, ரோமானியரின் ஆட்சியில் யூதேயாவின் ஜனங்கள் இருந்த நிலைமையும் இதுவே என்று அவருக்குப் பட்டது. ஏசுவின் வாழ்க்கையை அந்தக் கண்ணோடு எழுத வேண்டும்: ஏசு ஒரு யூதர், யூதர்கள் நடுவே வாழ்ந்தவர், அவரைச் சிலுவையில் ஏற்றியது ஆக்கிரமித்த அந்நிய அரசின் பயம், யூத ஜனங்களின் பாவம் அல்ல. இரண்டாயிரம் வருஷங்களாகக் கிறிஸ்தவ உலகம் சுமத்திய பழியைத் திருத்துவது ஒரு சினிமாக்காரரின் காரியமா என்று சிரிக்கலாம். ஐரோப்பாவில் அறுபது லட்சம் யூதர்கள் கொல்லப்பட்ட பிறகு அந்தச் சிரிப்புக்கு இடமில்லை. பிளெவின்ஸ் டேவிஸ் என்ற அமெரிக்க நாடகத் தயாரிப்பாளர் ஆதரவளிக்க, மிஸௌரி மாகாணத்தில் இண்டிபெண்டன்ஸ் என்ற சிற்றூரில் அவருடைய விருந்தினராகத் தங்கி, 1949-50-இல் அந்தத் திரைக்கதையை ஆங்கிலத்தில் எழுதி முடித்தார். பிறகு ஹீப்ரு பாஷையையும் கற்கலானார். இஸ்ரேலில், யூத நடிகர்களைக்கொண்டு எடுப்பது என்பது அவருடைய திட்டம். 'ஏசுவைச் சிலுவையில் அறைந்தவர் யார்?' என்று ஒரு கட்டுரையும் எழுதினார். தயாரிப்பாளரிடமிருந்து பணம் வரும் என்று வருஷக்கணக்கில் காத்திருந்தார். வரவில்லை.

அவர் இறந்த பிறகு அச்சான அந்தக் கையெழுத்துப் பிரதி, எழுத்து என்ற முறையில் அவருடைய மற்றவற்றுக்குச் சமமானதல்ல என்பது என் எண்ணம். காரணம் எளிது. வேறொருவர் நாடகத்தைக் கையிலெடுத்தபோது வெட்டுவதற்கு அவருக்குத் தயக்கமில்லை. இங்கேயோ வெட்டவும் முடியாத, கூட்டவும் முடியாத வார்த்தைகள், உலகத்தார் மனப்பாடம் செய்த வார்த்தைகள். ஆகவே அவர் அவற்றைச் சுற்றிச் சூழ்நிலையைக் கட்டுகிறார்: படைவீரர்கள், வரி, அதிகாரிகளின் கவலை, ஒரு கலகம் எழுந்தால் ரோமானியன் என்ன செய்வான் என்று ஆலயத்தாருக்குள்ள நடுக்கம். அந்தப் பகுதிகளில் பத்திரிகைக்காரரின் கூர்மை தெரிகிறது. ஏசு பேசத் தொடங்கியதும் எழுத்தாளர் கைகட்டி நின்றுவிடுகிறார்.

ஆயினும் அதில் ஒரு விஷயம் உண்டு. திரைக்கதை சிலுவை மரணத்தோடு முடிகிறது. மூன்றாம் நாளின் உயிர்த்தெழுதல் காட்சியாக வருவதில்லை. சரித்திரத்தை எழுதப் புகுந்தவர் சரித்திரம் நிற்கும் இடத்தில் தாமும் நின்றார் என்று சமாதானம் சொல்லலாம். ஆனால் அதே கை ஐந்து வருஷத்துக்குள் 'ஓர்டெட்' படத்தில், யூட்லாண்டு பகுதியில் ஒரு பண்ணை வீட்டுக் கூடத்தில், பிரசவத்தில் இறந்த குடியானவப் பெண்ணைச் சவப்பெட்டியிலிருந்து எழுப்பியது. எருசலேமில் எழுதாமல் விட்டதை அங்கே எழுதிக்கொண்டார் என்று எனக்குத் தோன்றுகிறது. இதற்கு அவருடைய கடிதம் எதையும் நான் சாட்சிக்கு அழைக்கவில்லை. இரண்டையும் அடுத்தடுத்து வாசித்தால் எழும் எண்ணம் இது.

'ஓர்டெட்' காய் மூங்க் எழுதிய நாடகம். மூங்க் வெடர்ஸோ என்ற கிராமத்துப் பாதிரியார். நாஜிகளை எதிர்த்துப் பிரசங்கித்ததற்காக 1944 ஜனவரி 4-ஆம் தேதி கெஸ்டாப்போவினர் அவரை வீட்டிலிருந்து இழுத்துச் சென்று சுட்டுச் சாலையோரம் போட்டார்கள். நாடகம் எழுதப்பட்டது 1925-இல், மேடையேறியது 1932-இல். டிரையர் அப்போதே அதைப் பார்த்து மனத்தில் குறித்துக்கொண்டார். குஸ்டாஃப் மோலாண்டர் என்ற ஸ்வீடிஷ் இயக்குநர் 1943-இலேயே அதைப் படமாக்கிவிட்டார். டிரையர் பத்து வருஷங்கள் பொறுத்திருந்தார். 1952-இல் அரசாங்கம் டாக்மர் என்ற கோபன்ஹேகன் தியேட்டரை நடத்தும் லைசென்ஸை அவருக்குக் கொடுத்திருந்தது. தேசத்தின் கலைஞர்களுக்கு ஜீவனோபாயமாக அந்நாட்டில் இருந்த ஏற்பாடு அது. வயிற்றுக் கவலை சற்று ஓய்ந்த அந்தச் சமயத்தில் மூங்கின் நாடகத்தை எடுத்தார்.

மூங்க் வாக்குவன்மை உள்ளவர். அவருடைய பாத்திரங்கள் பிரசங்கம் செய்யும். டிரையர் முதலில் நாடகம் முழுவதையும் எழுதிக்கொண்டு, பிறகு ஒவ்வொன்றாக நீக்கி, ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்கை மட்டும் வைத்துக்கொண்டார். அரங்கத்தையும் இப்படியே செய்தார் என்று அவருடைய ஒளிப்பதிவாளர் சொல்லியிருக்கிறார்: பண்ணை வீட்டுச் சமையலறையில் இருக்கக்கூடிய சாமான்கள் யாவற்றையும் கொண்டுவந்து அடுக்கச் செய்து, பின்பு ஒவ்வொன்றாக எடுத்துவிட்டு, சமையலறை என்று நம்புவதற்குப் போதுமான சில பொருள்களோடு நிறுத்தினாராம். முதலிலேயே சில பொருள்களை மட்டும் வைத்திருந்தால் போதாதா என்றால், போதாது. இருந்ததை எடுத்த இடத்தில் ஒரு அடையாளம் தங்கும். என்றுமே இல்லாத இடத்தில் தங்காது. மூங்கின் வசனத்தை முழுமையாக எழுதிப் பார்த்தவர் நீக்கிய பின், பாத்திரங்கள் பேசாமல் விட்டதை அறிந்தவர்களாக நிற்கிறார்கள்.

நீக்கியவற்றுள் இரண்டைச் சொல்கிறேன். போர்கன் பண்ணையின் மூன்று மகன்களில் நடுவன் யொஹானஸ், தானே கிறிஸ்து என்று எண்ணிச் சித்தம் கலங்கியவன். மூங்க் அதற்குக் காரணமாக ஒரு காதலியையும் அவள் விபத்தில் மாண்டதையும் வைத்திருந்தார். டிரையர் அவளை அடியோடு எடுத்துவிட்டார். புதிதாக வந்த பாதிரியார், காதலால் வந்த கேடா என்று கேட்க, இல்லை, தத்துவஞானி கீர்க்கெகாரைப் படித்ததால் வந்தது என்று பதில் கிடைக்கிறது. டேனிஷ் ரசிகர்கள் இந்த இடத்தில் சிரித்திருப்பார்கள். சிரித்தும் இருக்கலாம், அஞ்சியும் இருக்கலாம், இரண்டுக்கும் அந்தப் பதிலில் இடமிருக்கிறது. இரண்டாவது, முடிவில் நடப்பது. பிரசவத்தில் இறந்த அந்தப் பெண் இன்கர் உயிர் பெற்றதும் நாடகத்தில் டாக்டர், மரணத்தை ஊர்ஜிதம் செய்யும் முறையே சரியில்லை என்று முணுமுணுப்பார். சந்தேகிக்க விரும்புகிறவன் அந்தக் கதவு வழியே வெளியேறிக்கொள்ளலாம். டிரையர் கதவை மூடிவிட்டார். பாதிரியாரான மூங்க் அவிசுவாசிக்கு இடம் விட்டார், மதப் பற்று இன்னதென்று வெளியில் காட்டிக்கொள்ளாத டிரையர் விடவில்லை.

பண்ணைக் காட்சிகளில் சிலவற்றை வெடர்ஸோவிலேயே எடுத்தார்கள். மூங்க் மனத்தில் வைத்து எழுதிய ஹென்ரிக் மால்பெர்க் என்ற முதிய நடிகரே கிழவர் மார்ட்டன் போர்கனாக நடித்தார். இரண்டு மணி நேரத்துப் படம், சுமார் 114 ஷாட்டுகள். 1955-இல் வெனிஸில் தங்கச் சிங்கம் கிடைத்தது.

இதுவரை கூறியதை மறுத்துவிடுவதுபோல ஒரு படம் இருக்கிறது. 1964-இல் வந்த 'கெர்ட்ரூட்', ஸ்வீடிஷ் ஆசிரியர் யால்மர் ஸோடர்பெர்கின் 1906-ஆம் வருஷத்து நாடகம். அதில் டிரையர் வசனத்தை அதிகம் வெட்டவில்லை. படம் முழுவதும் ஸோபாவில் உட்கார்ந்து பேசிக்கொண்டேயிருக்கிறார்கள். டிசம்பரில் பாரிஸில் முதல் காட்சிக்கு வந்தவர்கள் கூச்சலிட்டார்கள். எழுபத்தைந்து வயதுக் கிழவருக்குக் கை தளர்ந்துவிட்டது என்று பத்திரிகைகள் எழுதின. நானும் முதலில் அலுப்போடு பார்த்தவன்தான். ஆனால் அதில் பேசுகிறவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் ஏறிட்டுப் பார்ப்பது அபூர்வம் என்பதைக் கவனித்த பிறகு அலுப்பு நீங்கிவிட்டது. கணவன், பழைய காதலன், புதிய காதலன் ஆகிய மூவரிடமும் கெர்ட்ரூட் பேசுவது பதிலுக்காக அல்ல; ஒவ்வொரு வாக்கியமும் எதிரே உள்ளவரைக் கடந்து தூரத்தில் எங்கோ போய் நிற்கிறது. மௌனப் படத்து அட்டை முகத்தை மறைத்தது. இங்கே முகம் இருக்கும்போதே வார்த்தை அதை விட்டுப் பிரிந்துவிடுகிறது. வெட்டாமலே வெட்டிய காரியம் இது. கடைசியில் நாடகத்தில் இல்லாத ஒரு முடிவுரைக் காட்சியைச் சேர்த்தார். ஸோடர்பெர்கின் நிஜ வாழ்க்கையில் அந்தக் கதாநாயகிக்கு மூலமாயிருந்த பெண்மணியைப் பற்றி வெளியான ஓர் ஆராய்ச்சி நூல் அதற்கு உதவிற்று. எடுத்தே பழகியவர் வாழ்நாளின் கடைசிப் படத்தில் கூட்டியது அது, ஒரு கிழவியின் தனிமையை.

ஏசு படத்துக்கு 1967-இல் டேனிஷ் அரசாங்கம் முப்பது லட்சம் குரோனர் தருவதாக வாக்களித்தது. இத்தாலிய வானொலி ஸ்தாபனமும் அக்கறை காட்டிற்று. 1968 மார்ச் 20-ஆம் தேதி டிரையர் இறந்தார்.

மேஜைமேல் இருந்த இன்னொரு கையெழுத்துப் பிரதி, யூரிபிடீஸின் 'மெடியா'. பிரெபன் தாம்ஸன் என்பவரோடு கூடி எழுதியது. அதை 1988-இல் லார்ஸ் ஃபன் டிரியர் டேனிஷ் டெலிவிஷனுக்காகப் படமாக்கினார். இது டிரையரைப்போல எடுக்கும் முயற்சியல்ல, தம்முடைய சொந்த வியாக்கியானம் என்று ஆரம்பத்திலேயே எழுதிக் காட்டிவிடுகிறார். சதுப்பு நிலம், மூடுபனி, பெருகிவரும் கடல் நீர், எங்கும் மங்கல்; கழித்தலுக்கு மறுபக்கத்தில் நிற்கும் கலை. டிரையரின் எழுத்தில் மெடியா தன் குழந்தைகளுக்கு மருந்து என்று சொல்லி விஷத்தைக் கொடுக்கிறாள். ஃபன் டிரியரின் படத்தில் மரக்கிளையில் தூக்கிலிடுகிறாள், மூத்தவன் தானே அதற்கு உதவுகிறான். மூங்கின் நாடகத்தில் மூன்றில் இரண்டு பங்கை எடுத்தெறிந்தவருடைய பிரதியில் இன்னொருவர் கைவைத்ததற்கு, அவர் சார்பில் நாம் வழக்காட முடியாது. பார்க்கிறவர் மறக்க முடியாத காட்சி அது என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும். எனக்கு மட்டும் விஷக் கிண்ணமே சரி என்று படுகிறது. தூக்குக்கயிற்றைக் கண்டதும் நடப்பது இன்னதென்று குழந்தைக்கும் நமக்கும் தெரிந்துவிடுகிறது. மருந்து குடிக்கும் குழந்தைக்குத் தெரியாது, தாய்க்கு மட்டுமே தெரியும், அதை அவள் யாரிடமும் சொல்ல வேண்டியதில்லை.